அப்பா பெயரில் ஒரு எழுத்து மாறியதும் பதினான்கு மாத அலைச்சலும்

அப்பா 2024 ஜனவரியில், பொங்கல் கழிந்த நான்காம் நாள் இறந்தார். 74 வயது. ஒன்றிய நடுநிலைப் பள்ளி ஒன்றில் தலைமை ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். எங்கள் ஊர் சிவகங்கை மாவட்டத்தில் ஒரு கிராமம். உயிர் போனது மதுரையில், ஒரு தனியார் மருத்துவமனையில். இந்த இரண்டு ஊரையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் ஒருவர் எந்த ஊர்க்காரர் என்பது வேறு, எந்த ஊரில் இறந்தார் என்பது வேறு என்ற விஷயமே எனக்கு அன்றுவரை தெரியாது.

போன மாதம் என்னோடு வேலை பார்க்கும் ஒரு தோழியின் அப்பா தவறிவிட்டார். துட்டிக்குப் போய்விட்டு வந்த இரண்டாம் நாள் அவளே போன் செய்து, "நீ எல்லாம் அலைஞ்சவதானே, எங்கேர்ந்து ஆரம்பிக்கணும்னு சொல்லு" என்றாள். ஒன்றரை மணி நேரம் பேசினேன். வைத்த பிறகுதான் தோன்றியது, இதை எனக்கு யாராவது அன்றைக்குச் சொல்லியிருந்தால் அம்மாவை இத்தனை படி ஏற்றி இறக்கியிருக்க மாட்டேனே என்று. அதற்காகத்தான் எழுதுகிறேன்.

எங்கள் அலைச்சலில் பாதி ஒரே ஒரு எழுத்தால் வந்தது. அப்பா பெயர் 'ன்' என்று முடியும். இறப்புச் சான்றிதழில் அது 'ம்' என்று முடிந்திருந்தது. ஆங்கிலத்திலும் அதே மாதிரி, கடைசியில் 'என்' இருக்க வேண்டிய இடத்தில் 'எம்'. பேச்சில் யாரும் கவனிக்காத வித்தியாசம், ஊரில் பாதிப் பேர் அப்பாவை 'ம்' வைத்துத்தான் கூப்பிடுவார்கள். ஆனால் ஆதாரில் 'ன்', ஓய்வூதியப் புத்தகத்தில் 'ன்', வங்கியில் 'ன்'. ஆக, காகிதப்படி செத்துப் போனது வேறொருவர். எங்கள் அப்பா இன்னும் சாகவில்லை.

இந்தப் பிழை எங்கே விழுந்தது என்று பின்னால் நான் தேடிப் போனேன். இறப்பைப் பதிவு செய்த இடத்தில் விழவில்லை. அப்பாவுக்கு மூச்சுத் திணறி இரவு பதினொரு மணிக்கு அவசரப் பிரிவில் சேர்த்தபோது, என் வீட்டுக்காரர் வாயால் பெயர் சொல்ல, கவுன்டரில் இருந்த பையன் அட்மிஷன் சீட்டில் 'ம்' என்று அடித்துவிட்டான். அந்தச் சீட்டிலிருந்து கேஸ் ஷீட்டுக்கு, அங்கிருந்து பில்லுக்கு, ஆறு நாள் கழித்து இறப்பு அறிக்கைக்கு, அறிக்கையிலிருந்து பதிவேட்டுக்கு. அப்பா உயிரோடு பேசிக்கொண்டு, "இட்லி கிடைக்குமா"ன்னு கேட்டுக்கொண்டு இருந்த அந்த ஆறு நாளில் நாங்கள் எப்போது வேண்டுமானாலும் அதைத் திருத்தியிருக்கலாம். கையில் கட்டியிருந்த பட்டையில் அந்தத் தப்புப் பெயர்தான் இருந்தது. நானே தினம் பார்த்தேன்.

அதனால் நான் யாருக்கும் முதலில் சொல்வது இதுதான்: வீட்டில் பெரியவர்களை மருத்துவமனையில் சேர்க்கும்போது வாயால் பெயர் சொல்லாதீர்கள், ஆதார் நகலைக் கொடுத்து அதைப் பார்த்து அடிக்கச் சொல்லுங்கள், அடித்த சீட்டை வாங்கி எழுத்து எழுத்தாகப் படியுங்கள். குணமாகி வீட்டுக்கு வந்தால் காப்பீட்டுக்கு உதவும். வராவிட்டால், இறப்பு அறிக்கையை அனுப்பும் முன்பு அதில் என்ன எழுதியிருக்கிறார்கள் என்று ஒருமுறை காட்டச் சொல்லுங்கள். இறந்தவர் பெயர், அவருடைய அப்பா அம்மா பெயர், மனைவி பெயர், வயது, நிரந்தர முகவரி. அந்த நேரத்தில் யாருக்கும் கண் தெரியாது, உடம்பை எப்போது தருவார்கள் என்பதிலேயே மனசு இருக்கும். அதனால் குடும்பத்தில் கொஞ்சம் தள்ளி நிற்கிற ஒருவரை, ஒரு மருமகனையோ சித்தப்பா மகனையோ, அழுகிற வேலை இல்லாத ஒருவரை இதற்கென்று நிறுத்திவையுங்கள்.

பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டம் 1969-இல் வந்தது. அதன்படி இறப்பு எங்கே நடந்ததோ அந்த இடத்துப் பதிவாளரிடம்தான் பதிவாகும். நாங்கள் பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் எங்கள் ஊர் கிராம நிர்வாக அலுவலரிடம் போய் நின்றோம். அவர் நல்ல மனிதர், அப்பாவை அவருக்குத் தெரியும், மாலை போட்டுவிட்டுப் போனவர். "வாத்தியாரை இங்க கொண்டுவந்து எரிச்சீங்க, நானும் பார்த்தேன். ஆனா உயிர் போனது மதுரையில. அது மாநகராட்சியிலதான் பதிவாகும்" என்றார். வீட்டில் இறந்தால் குடும்பத் தலைவர்தான் தகவல் கொடுக்க வேண்டும், மருத்துவமனையில் இறந்தால் அவர்களே அனுப்பிவிட வேண்டும். 21 நாளுக்குள் என்றால் கட்டணம் கிடையாது. அதற்கு மேல் போனால் தாமதக் கட்டணம், 30 நாள் தாண்டினால் அனுமதி, ஒரு வருடம் தாண்டினால் நிர்வாக நடுவரின் உத்தரவு என்று படி ஏறிக்கொண்டே போகும். மருத்துவமனை அனுப்பிவிட்டதா என்று நீங்கள்தான் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும், தானாக யாரும் கூப்பிட்டுச் சொல்ல மாட்டார்கள். மூன்றாம் நாள் அப்பாவின் போனுக்கு அந்த மருத்துவமனையிலிருந்து ஒரு செய்தி வந்தது, எங்கள் சேவை உங்களுக்குத் திருப்தியாக இருந்ததா, ஐந்துக்கு எத்தனை மதிப்பெண் என்று. அம்மாதான் அதைத் திறந்து பார்த்தாள். அதை அனுப்பிய கணினிக்கு அவர் இறந்தது தெரியவில்லை, இறப்பு அறிக்கையை அடித்ததும் அதே கட்டடத்தில் இருந்த கணினிதான்.

சான்றிதழ் வந்ததும் பிழையைப் பார்த்துவிட்டு ஓடினேன். பதிவேட்டில் ஒருமுறை ஏறிவிட்ட எழுத்தை யாரும் அழிக்க முடியாது, அதை அப்படியே விட்டுவிட்டு ஓரத்தில் திருத்தக் குறிப்பு எழுதிக் கையெழுத்திடுவார்கள், அதுதான் சட்டம். அதற்கு அறிக்கை அனுப்பிய மருத்துவமனை, "எங்கள் பிழை" என்று கடிதம் தர வேண்டும். அந்தக் கடிதத்துக்கு ஐந்து முறை போனேன். ஒருநாள் ரெக்கார்ட் ரூம் ஆள் லீவு, ஒருநாள் முத்திரை இல்லை, ஒருநாள் "பேஷண்ட்டோட ஐடி ஒரிஜினல் வேணும், அவரையே எடுத்துட்டு வரச் சொல்லுங்க" என்று ஒரு பெண் சொன்னாள். நான் அந்த இடத்தில் ஒன்றும் பேசவில்லை. அவளே மூன்று நொடி கழித்துத் தன் கையிலிருந்த தாளில் இருந்த தலைப்பைப் படித்தாள். கண் கலங்கிவிட்டது அவளுக்கு. "அக்கா, மன்னிச்சுக்கங்க, காலையிலேர்ந்து இதையே சொல்லிச் சொல்லி வாயில தானா வருது" என்றாள். இருபத்து மூன்று, இருபத்து நான்கு வயதுதான் இருக்கும். அன்றைக்குக் கடிதம் கிடைத்தது அவளால்தான், மேலே போய் அவளே முத்திரை வைத்து வாங்கிவந்தாள்.

திருத்திய சான்றிதழ் கைக்கு வர இரண்டரை மாதம். அதுவரை பெயர் ஒத்துப்போகாத எல்லா இடத்திலும், "இருவரும் ஒருவரே" என்று முத்திரைத்தாளில் ஒரு பிரமாணப் பத்திரம் எழுதி, நோட்டரியிடம் கையெழுத்து வாங்கிக் கொடுக்க வேண்டியிருந்தது. சில இடத்தில் ஏற்றார்கள், சில இடத்தில் மாட்டேன் என்றார்கள். 'ன்' என்பவரும் 'ம்' என்பவரும் ஒருவரே என்று என் அம்மா மூன்று முறை சத்தியம் செய்திருக்கிறாள்.

இப்போது சான்றிதழை, தமிழ்நாட்டின் பிறப்பு இறப்புப் பதிவுத் தளமான சிஆர்எஸ்டிஎன் தளத்திலிருந்தே க்யூஆர் குறியோடு இறக்கிக்கொள்ளலாம். பத்துப் பன்னிரண்டு பிரதி வண்ணத்தில் எடுத்துவைத்துக்கொள்ளுங்கள். இன்னொரு விஷயம், இறப்புச் சான்றிதழில் இறந்ததற்கான காரணம் இருக்காது. விட்டுப்போனது என்று நினைத்து நான் அதற்காகவும் ஒருநாள் அலைந்தேன். காரணத்தை அதில் வெளியிடக் கூடாது என்று சட்டமே சொல்கிறது. காப்பீட்டுக்குக் காரணம் தேவைப்பட்டால் மருத்துவமனை தரும் டெத் சம்மரிதான் கைகொடுக்கும், அதை அன்றே ஒரிஜினலாக வாங்கிவிடுங்கள்.

அடுத்தது பணம். இங்கே நாங்கள் ஒரு தப்பு செய்தோம், மறைக்காமல் சொல்கிறேன். அப்பா இறந்தது மாத நடுவில். மாதக் கடைசியில் வழக்கம்போல ஓய்வூதியம் முழுதாகக் கணக்கில் ஏறியது. காரியச் செலவுக்கு நானே அப்பாவின் ஏடிஎம் கார்டை எடுத்துப் போய்ப் பன்னிரண்டாயிரம் எடுத்தேன். ரகசிய எண் அம்மாவுக்குத் தெரியும், எப்போதும் எடுப்பதுதானே என்றுதான் நினைத்தேன். அது தவறு. இறந்த நாளோடு அவருடைய ஓய்வூதியம் நின்றுவிடும், அதற்கு மேல் வந்தது அரசுப் பணம், திரும்பக் கட்ட வேண்டும். கருவூலத்தில் கணக்குப் போட்டு, கட்டச் சொல்லித் தாள் கொடுத்தார்கள், கட்டினோம். பணம் பெரிதில்லை, ஆனால் இறந்தவர் பெயரில் பணம் எடுத்தவர்கள் என்ற பார்வையோடு அம்மா அந்த அறையில் நிற்க நேர்ந்தது. ஆகவே இறந்த வாரத்திலேயே கருவூலத்துக்கும் வங்கிக்கும் எழுத்தில் தெரிவியுங்கள், தெரிவித்ததற்கு ஒப்புகைச் சீட்டு வாங்குங்கள், கார்டைத் தொடாதீர்கள்.

குடும்ப ஓய்வூதியத்துக்கு அம்மா பெயர் ஏற்கெனவே அப்பாவின் ஓய்வூதியப் புத்தகத்தில் இருந்தது. அதனால் அது அதிகம் இழுக்கவில்லை. கடைசியாக வாங்கிய அடிப்படைச் சம்பளத்தில் 30 சதவீதம், அதோடு அகவிலைப்படி. பலருக்குத் தெரியாத ஒன்று, தமிழ்நாடு அரசு ஓய்வூதியர்களிடம் மாதாமாதம் குடும்பப் பாதுகாப்பு நிதி என்று ஒரு சிறு தொகை பிடிக்கிறார்கள், அவர் இறந்ததும் துணைவருக்கு 50,000 ரூபாய் வர வேண்டும். அது தனி விண்ணப்பம். கேட்டால்தான் கிடைக்கும்.

அந்தத் தாள்களில் ஒன்றில், "நான் மறுமணம் செய்துகொள்ளவில்லை என உறுதி கூறுகிறேன்" என்று இருந்தது. கணவரை இழந்து குடும்ப ஓய்வூதியம் வாங்குபவர்கள் கொடுக்க வேண்டிய உறுதிமொழி அது. அம்மாவுக்கு 68 வயது, முழங்கால் தேய்ந்து, இரண்டு படி ஏறினால் மூச்சு வாங்கும். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு சத்தமாக வாசித்தாள். வாசித்துவிட்டு, "இந்தக் காலை வச்சுக்கிட்டு மணவறையில சம்மணம் போட்டு உக்காரவா முடியும், அய்யரு மந்திரம் சொல்லி முடிக்கிறதுக்குள்ள என்னைய நாலு பேரு தூக்கணும்" என்றாள். எதிரில் இருந்த எழுத்தர், பக்கத்து மேசைக்காரர், வரிசையில் நின்ற இன்னொரு விதவையம்மா, எல்லோரும் சிரித்துவிட்டார்கள். அம்மாவும் சிரித்தாள். அப்பா போன பிறகு அவள் பல் தெரியச் சிரித்தது அன்றைக்குத்தான். வெளியே வந்து ஆட்டோவில் ஏறியதும் சிவகங்கை பஸ் ஸ்டாண்டு வரை அழுதுகொண்டே வந்தாள்.

வங்கி விஷயத்தில் இரண்டு கணக்கையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் உங்களுக்கே புரியும். ஓய்வூதியக் கணக்கை அப்பா அம்மாவோடு சேர்த்து, "இருவரில் ஒருவர் அல்லது உயிரோடிருப்பவர்" என்ற முறையில் வைத்திருந்தார். இறப்புச் சான்றிதழும் அம்மாவின் ஆதாரும் கொடுத்தோம், ஒரே நாள். இன்னொரு வங்கியில் 2,80,000 ரூபாய் வைப்புத்தொகை அப்பா பெயரில் மட்டும், நியமனதாரர் (நாமினி) இல்லாமல் இருந்தது. அதற்கு ஏழு மாதம். வாரிசுச் சான்றிதழ், எல்லா வாரிசும் போட்ட கையெழுத்து, மஸ்கட்டில் இருக்கும் தம்பியின் ஒப்புதலைத் தூதரகத்தில் சான்றொப்பம் வாங்கி அனுப்பியது, பின்னால் வேறு யாராவது உரிமை கேட்டு வந்தால் நாங்களே பொறுப்பு என்ற ஈட்டுறுதிப் பத்திரம், ஜாமீனுக்கு இரண்டு பேர், அதிலும் 'ன்', 'ம்' பிரச்சினை. நியமனதாரர் இருந்தாலோ, 'உயிரோடிருப்பவர்' முறையில் கூட்டுக் கணக்காக இருந்தாலோ வங்கி வாரிசுச் சான்றிதழ் கேட்கக் கூடாது, எல்லாத் தாளும் கொடுத்த 15 நாளில் தீர்க்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி சொல்லியிருக்கிறது. இதைச் சொல்லத் தெரிந்திருந்தால் பல கவுன்டரில் பேச்சு மாறும். அதே சமயம், நியமனதாரர் என்றால் பணத்துக்குச் சொந்தக்காரர் என்று அர்த்தமில்லை, வாங்கி மற்ற வாரிசுகளுக்கும் சேர வேண்டியதைக் கொடுக்கப் பொறுப்பானவர், அவ்வளவுதான். இது தெரியாமல் அண்ணன் தம்பிகள் பேச்சு வார்த்தையை நிறுத்திய வீடுகள் எங்கள் தெருவிலேயே உண்டு.

எல்ஐசி பாலிசி ஒன்று பழையது, பத்திரம் பீரோவில் பத்திரமாக இருந்தது, நியமனதாரர் அம்மா. சிரமமில்லாமல் முடிந்தது. ரேஷன் கார்டில் பெயர் நீக்கியது இ-சேவை மையத்தில் பத்து நிமிட வேலை. வாக்காளர் பட்டியலுக்குப் படிவம் 7.

இந்த எல்லா வேலைக்கும் நடுவில் அப்பாவின் போனை அணையவிடாதீர்கள். எந்தத் தளத்தைத் திறந்தாலும் ஓடிபி அந்த எண்ணுக்குத்தான் போகும். ரீசார்ஜ் செய்யாமல் விட்டால் சில மாதத்தில் எண் பறிபோய்விடும், வேறு யாருக்காவது கொடுத்துவிடுவார்கள். நாங்கள் தொடர்ந்து ரீசார்ஜ் செய்தோம். முதலில் வேலைக்காகத்தான் செய்தோம். அப்புறம் அம்மா அதை விடவில்லை. சிம்மைத் தன் பெயருக்கு மாற்றிக்கொண்டு இன்றைக்கும் வைத்திருக்கிறாள்.

வாரிசுச் சான்றிதழுக்கு வருகிறேன். இ-சேவை மையத்தில் விண்ணப்பம், கட்டணம் 60 ரூபாய். கிராம நிர்வாக அலுவலர் விசாரித்து, வருவாய் ஆய்வாளர் பார்த்து, வட்டாட்சியர் கையெழுத்திட வேண்டும். தாலுகா அலுவலக வாசலில் டீக்கடையில் ஒருவர், "மூவாயிரம் குடுங்கக்கா, நீங்க அலைய வேணாம்" என்று பின்னாலேயே வந்தார். நான் கொடுக்கவில்லை. கொடுத்திருந்தால் சீக்கிரம் முடிந்திருக்குமோ என்று வீட்டுக்காரர் இன்றும் சொல்வார். ஆனால் அப்பா வாழ்நாள் முழுக்க ஒரு மாற்றுச் சான்றிதழுக்கு ஒரு ரூபாய் வாங்காதவர், அவர் இறந்ததைச் சொல்ல நான் லஞ்சம் கொடுப்பதா? அது எனக்கு ஆகவில்லை. எங்கேயாவது தாள் நகரவே இல்லை என்றால் 1100 என்ற முதல்வர் உதவி மைய எண்ணில் புகார் பதியுங்கள், பதிவு எண் ஒன்று தருவார்கள், அந்த எண்ணுக்கு ஒரு மரியாதை இருக்கிறது.

எங்கள் விண்ணப்பம் ஒருமுறை திரும்பியது, அது முழுக்க என் தவறு. அம்மா, நான், தம்பி என்று மூன்று பெயர் போட்டேன். விசாரணைக்கு எங்கள் வீட்டுக்கு வந்த அலுவலர் திண்ணையைப் பார்த்தார். அங்கே அப்பத்தா உட்கார்ந்திருந்தாள், 92 வயது. "ஆத்தா பேரை ஏம்மா விட்டீங்க?" என்றார். வாரிசு என்றால் கீழே இருப்பவர்கள்தான் என்று நான் நினைத்திருந்தேன். 1956-ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படி இறந்தவரின் தாய் முதல் வகுப்பு வாரிசு, மனைவி மக்களோடு சமபங்கு உள்ளவர். இறந்தவரின் தாயார் உயிரோடு இருந்தால் அவர் பெயர் கட்டாயம் வர வேண்டும். புதிதாக விண்ணப்பித்தோம், அப்பத்தாவின் கைரேகை தேவைப்பட்டது.

மை தொட்டு விரலைப் பிடித்தபோது, "எதுக்குடீ இது?" என்று கேட்டாள். அப்பாவுக்கு நீங்களும் ஒரு வாரிசு என்று எழுதிக் கொடுக்கிறோம் அப்பத்தா என்றேன். கொஞ்ச நேரம் என்னையே பார்த்தாள். "அவனுக்கு நான் வாரிசா? எனக்குல்ல அவன் வாரிசு" என்றாள். விரலை உருவிக்கொண்டாள். அன்றைக்கு ரேகை வைக்கவில்லை. இரண்டு நாள் கழித்து அவளாகவே கூப்பிட்டு, "கொண்டா, அந்தப் புள்ள அலையுதுல்ல" என்று வைத்துக் கொடுத்தாள்.

அதோடு முடிந்தது என்று நினைத்தால், நிலம். ஒன்றரை ஏக்கர் புஞ்சை. பட்டா இன்னும் தாத்தா பெயரில் இருந்தது, அப்பா மாற்றவே இல்லை. பட்டா மாற தாத்தாவின் இறப்புச் சான்றிதழ் வேண்டும். தாத்தா 1984-இல் இறந்தார், யாரும் பதிவு செய்யவில்லை. நாற்பது வருடம் முன்பு எரித்தவருக்கு இப்போது இறப்பைப் பதிய வேண்டும். பழைய பதிவேட்டைத் தேடச் சொல்லி, பதிவு இல்லை என்று சான்று வாங்கி, பிரமாணப் பத்திரம், சாட்சிகள், பிறகு வருவாய் கோட்டாட்சியரிடம் மனு. ஐந்து மாதம் ஆனது. அதில் முதல் கேள்வி, எந்தத் தேதி?

தேதி யாருக்கும் தெரியாது. அப்பத்தாவிடம் கேட்டோம். அவள் தேதி சொல்லவில்லை, "எம்.ஜி.ஆர் ஆஸ்பத்திரியில கெடந்தாரு, ஊரே மண்சோறு தின்னுச்சு, அப்பத்தான் உங்க தாத்தா போனாரு. பொரட்டாசி முடியுற செவ்வாக்கெழம. பதினாறு கும்பிட்டு பந்தலைப் பிரிக்கிறப்ப ரேடியோவுல பாட்டு நின்னு அழுவாச்சி வாத்தியமா போச்சு, இந்திராம்மாவைச் சுட்டுப்புட்டாகன்னு சொன்னாக" என்றாள். தம்பி மஸ்கட்டிலிருந்து வீடியோ அழைப்பில் இருந்தான், அங்கேயே கணக்குப் போட்டான். எம்.ஜி.ஆர் மருத்துவமனையில் சேர்ந்தது 1984 அக்டோபர் 5. இந்திரா காந்தி சுடப்பட்டது அக்டோபர் 31. அது பதினாறாம் நாள் என்றால் இறந்தது அக்டோபர் 16. பழைய நாட்காட்டியைப் பார்த்தான், செவ்வாய்க்கிழமை. மறுநாள்தான் ஐப்பசி பிறந்திருக்கிறது. நாங்கள் மூன்று பேரும் ஒரு நிமிடம் பேசவில்லை. எழுதப் படிக்கத் தெரியாத அப்பத்தா நாற்பது வருடம் அந்தச் செவ்வாய்க்கிழமையை மனசில் வைத்திருந்தாள், எந்தப் பதிவேட்டிலும் அது இல்லை. கோட்டாட்சியர் அலுவலகத்தில் அந்த வாக்குமூலத்தை அப்படியே எழுதிக்கொண்டார்கள்.

அந்த நாட்களில்தான் உத்தரப் பிரதேசத்தின் அசம்கர் மாவட்டத்து லால் பிகாரியைப் பற்றிப் படித்தேன். எழுபதுகளின் நடுவில் கடன் கேட்டுப் போனவரிடம், ஆவணப்படி நீ இறந்துவிட்டாய் என்றார்கள். நிலத்துக்காகச் சொந்தச் சித்தப்பாவே அப்படி எழுதவைத்திருந்தார். உயிரோடு இருப்பதை நிரூபிக்க 1994 வரை போராடினார். பெயருக்குப் பின்னால் 'மிருதக்', அதாவது இறந்தவர் என்று சேர்த்துக்கொண்டார், மனைவிக்கு விதவை உதவித்தொகை கேட்டு மனு போட்டார், தன்னைப் போலக் காகிதத்தில் செத்தவர்களுக்கு ஒரு சங்கமே வைத்தார். அவர் உயிரோடு இருப்பதை நம்பவைக்கப் பட்ட பாட்டையும், நாங்கள் அப்பா இறந்ததை நம்பவைக்கப் பட்ட பாட்டையும் நினைத்துக்கொண்டு அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. எழுத்து தப்பாக இருந்தால் இரண்டு பக்கமும் ஒரே கதவுதான் மூடுகிறது.

உயிரோடு இருக்கும்போதே செய்ய வேண்டியவற்றையும் சொல்லிவிடுகிறேன். பெற்றவர்களிடம் இதைப் பேசுவது அமங்கலம் என்று தள்ளிப்போடாதீர்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பாட்டுக்குப் பிறகு உட்கார்ந்து ஆதார், பான், வங்கிப் புத்தகம், பட்டா, ஓய்வூதியப் புத்தகம், பாலிசி எல்லாவற்றையும் தரையில் பரப்புங்கள். பெயர், இனிஷியல், பிறந்த தேதி எல்லாவற்றிலும் ஒன்றுபோல இருக்கிறதா என்று பாருங்கள். நமக்கு இனிஷியல் முன்னால், ஆதாரில் அப்பா பெயர் பின்னால் முழுதாக, இன்னொன்றில் வெறும் எழுத்து, இப்படித்தான் எல்லார் வீட்டிலும் இருக்கும். அவர் உயிரோடு இருந்தால் அவர் கையெழுத்தில் அரை நாளில் திருத்துவது, அவர் போன பிறகு ஆறு மாதம். எல்லாக் கணக்குக்கும் நியமனதாரர் போடுங்கள். தாத்தா பாட்டி இறப்பு பதிவாகியிருக்கிறதா என்று கேளுங்கள், சாட்சி சொல்ல ஆள் இருக்கும்போதே முடியுங்கள். மறந்துபோன பழைய வைப்புத்தொகை இருக்கிறதா என்று தேட ரிசர்வ் வங்கியின் 'உத்கம்' என்ற தளம் 2023-இலிருந்து இருக்கிறது, அதையும் பாருங்கள்.

அலையும்போது ஒரு பையை ஒதுக்குங்கள். எங்களுடையது அப்பா பள்ளிக்கு எடுத்துப்போன ரெக்சின் பை. கொடுத்த ஒவ்வொரு தாளுக்கும் நகல், வாங்கிய ஒவ்வொரு ஒப்புகை, யாரைப் பார்த்தோம், என்ன சொன்னார் என்று ஒரு நாற்பது பக்க நோட்டில் தேதியோடு. "போன வாரம் நீங்கதான் சார் இதைக் கேட்டீங்க" என்று நோட்டைப் பார்த்துச் சொன்னால் பேச்சு வேறு மாதிரி போகும். ஒரிஜினலை எங்கும் விட்டுவிட்டு வராதீர்கள்.

மின் இணைப்பு மட்டும் இன்னும் அப்பா பெயரில் இருக்கிறது. தாள் எல்லாம் தயார். அம்மா, "அது ஒண்ணு இருந்துட்டுப் போகட்டும்" என்கிறாள், நானும் வற்புறுத்தவில்லை.

2025 மார்ச்சில் பட்டா கைக்கு வந்தது. அந்த வருடம்தான் அம்மா முதன்முதலாகத் தன் பெயரில் வாழ்நாள் சான்று கொடுக்க வேண்டியிருந்தது, குடும்ப ஓய்வூதியம் வாங்குபவர்களும் உயிரோடு இருக்கிறேன் என்று வருடம் ஒருமுறை காட்ட வேண்டும். கருவூலத்துக்குப் போக வேண்டியதில்லை, தபால்காரர் வீட்டுக்கே வந்து 70 ரூபாய்க்கு எடுத்துக்கொள்கிறார். வந்தார். விரலை வைத்துப் பார்த்தார், ரேகை விழவில்லை, நாற்பத்தைந்து வருடம் பாத்திரம் தேய்த்த கை. சரி, முகத்தை வைத்து எடுத்துவிடலாம் என்று போனைத் தூக்கினார்.

அம்மா அவரைப் பார்த்து, "அவுகளுக்கும் நீங்கதானே எடுத்தீக?" என்று கேட்டாள்.

"ஆமாம்மா. 23-ல. உள்ள வெளிச்சம் பத்தலைன்னு சார் அந்த வேப்பமரத்தடிக்கு வந்து நின்னாரு. கண்ணைச் சிமிட்டுங்க சார்னா சிரிச்சாரு, ரெண்டு வாட்டி எடுக்க வேண்டியதாப் போச்சு."

அம்மா ஒன்றும் சொல்லாமல் எழுந்து, சுவரைப் பிடித்துக்கொண்டு படியிறங்கி, வேப்பமரத்தடியில் போய் நின்றாள்.